உப்புப் பார்க்கும் வம்சம்

எங்கள் முன்னோர் காரிமங்கலத்துக்கும் இண்டூருக்கும் நடுவே பல கிராமங்களை ஆண்டவர்கள். நான் அதே கிராமங்களில் மாடுகளுக்குச் சினை ஊசி போடுகிறேன். நடுவில் என்ன ஆனது என்று கேட்டால் பெரிய கதை ஒன்றும் இல்லை. முதலில் பாளையமாக இருந்தது. வெள்ளைக்காரன் வந்ததும் அது மிட்டாவாகச் சுருங்கியது. எங்கள் ஆட்கள் அவனுக்கு வரி வசூலித்துக் கொடுக்கும் மிட்டாதார் ஆனார்கள். அவன் போன சில வருஷத்தில் மிட்டாவும் போனது. மிச்சமிருந்த நிலத்தைத் தாத்தா சீட்டாட்டத்திலும் அப்பா பெருந்தன்மையிலும் கரைத்தார்கள். எனக்குக் கால்நடை ஆய்வாளர் வேலை கிடைத்தது. சினை ஊசி மருந்து உறைய வைக்கும் நைட்ரஜன் கேனை வண்டியில் கட்டிக்கொண்டு காலை ஏழு மணிக்குக் கிளம்பினால் வீடு திரும்ப மதியம் ஆகிவிடும்.

ஊர்க்காரர்கள் இன்னும் எங்கள் வீட்டை அரண்மனை வூடு என்றுதான் சொல்கிறார்கள். ஷீட் போட்ட மூன்று அறை. அதன் பின்னால் நிஜமான அரண்மனை இருக்கிறது: ஒரு சுவர், ஒரு வாசல் வளைவு, வளைவின் மேல் வேர்விட்ட ஓர் அரசங்கன்று. அந்த வாசலில் ஒரு காலத்தில் யானை நுழைந்ததாகச் சொல்வார்கள். இப்போது என் மனைவி அதில் கயிறு கட்டித் துணி காயப்போடுகிறாள். ஆராய்ச்சி செய்யும் கல்லூரிப் பிள்ளைகள் வருஷத்துக்கு ஒருவராவது வந்து அதைப் படம் எடுக்கிறார்கள். ஒருமுறை வந்த பெண் பக்கத்துத் தொழுவத்தில் எட்டிப்பார்த்து, “சார், இந்த அரண்மனை வாரிசு யாருங்க, அவரைப் பார்க்க முடியுமா?” என்று கேட்டாள். அப்போது என் இடது கை தோள்வரை பிளாஸ்டிக் உறை மாட்டிக்கொண்டு ஒரு பசுவுக்குள் இருந்தது. “நான்தாம்மா. ரெண்டு நிமிஷம் இரு, வந்துடறன்” என்றேன். பாவம், அந்தப் பெண் சமாளித்துக்கொண்டு அந்தக் கோலத்திலேயே ஒரு படம் எடுத்தாள். அது அவளுடைய ஆராய்ச்சியில் எந்தப் பக்கத்தில் வந்ததோ தெரியாது.

என்னைத் துரை என்று கூப்பிடுவார்கள். எங்கள் பக்கத்து வாயில் அது தொரை. வேலைக்குச் சேர்ந்த புதிதில், “அதெல்லாம் எதுக்குங்க, சார்னு கூப்பிட்டாப் போதும்” என்று சொல்லிப் பார்த்தேன். யாரும் கேட்கவில்லை. கேட்காததில் எனக்கு உள்ளூரச் சந்தோஷம். ரேஷன் கடை வரிசையில் யாராவது “தொரை, முன்னால வாங்க” என்றால், “பரவால்லைங்க, பரவால்லைங்க” என்று சொல்லிக்கொண்டே முன்னால் போய் நின்றுவிடுவேன். தனக்குப் பெருமையே பிடிக்காது என்று சொல்கிறவர்களை நான் நம்புவதில்லை. என் மனைவி பொம்மிடியில் ரயில்வேக்காரர் வீட்டில் பிறந்தவள். அவளிடம் இந்தத் தொரைத்தனம் செல்லாது. “தொரை, கேஸ் தீந்து போச்சு” என்பாள், அவ்வளவுதான்.

இத்தனை போன பிறகும் எங்கள் வம்சத்துக்கு ஓர் உரிமை மிச்சமிருக்கிறது. அதுதான் உப்புப் பார்ப்பது.

மாசி மாதம் எங்கள் ஊர் அம்மன் திருவிழாவில் இரண்டாம் நாள் மதியம் ஊருக்கே களி போடுவார்கள். வத்தல்மலைக்காரர்கள் ராகியும் அவரைக்கொட்டையும் கொண்டுவருவார்கள். கோயில் முன்னால் பந்தல் போட்டு, பெரிய பெரிய அண்டாக்களில் களி கிண்டி, அவரைக்கொட்டைக் குழம்பு வைப்பார்கள். சுற்றுப்பட்ட ஊர் சனம் முழுவதும் வரிசையாக உட்காரும். எல்லோருக்கும் முன்னால் கம்பளி விரித்து ஒரு தனி இலை. தலையில் பட்டுத் தலைப்பாகை கட்டிக்கொண்டு அதில் உட்காருகிறவன் நான். முதல் உருண்டை எனக்கு. ஒரு கவளம் கிள்ளிக் குழம்பில் தோய்த்து விழுங்கிவிட்டு, எல்லோருக்கும் கேட்கிற மாதிரி “உப்பு சரி” என்று சொல்ல வேண்டும். உடனே மேளம் அடிக்கும். சனம் இலையில் கை வைக்கும். நான் வாய் திறக்கும்வரை பச்சைக்குழந்தைகூட ஒரு வாய் தின்னக்கூடாது. நான் சொன்ன பிறகு உப்பைப் பற்றி யாரும் எதுவும் பேசக்கூடாது. அன்றைக்குப் பந்தலில் தனியாக உப்புக் கிண்ணம் வைக்கும் வழக்கமே கிடையாது.

இதற்கு ஊரில் ஒரு கதை சொல்வார்கள். எந்த ஓலையிலும் எழுதி வைத்த கதை அல்ல. மிட்டா காலத்தில் எங்கள் ஆள் வரி கேட்டு வரும்போது, ஊர்க்காரர்கள் தாங்கள் சாப்பிடுகிற அதே பானையிலிருந்து அவருக்குக் களி வைத்தார்களாம். உப்பு சரி என்று அவர் சொன்னால் அந்த வருஷம் வரியைக் கூட்டமாட்டார் என்று அர்த்தமாம். எங்கள் முன்னோர் ரொம்ப நல்லவர்கள் என்று நான் சொல்லவரவில்லை. எத்தனை பேர் உப்புக் குறைச்சல் என்று சொன்னார்களோ யார் கண்டது! என் அப்பா காலத்தில் வரியும் இல்லை, ஒன்றும் இல்லை. ஆனால் அந்த இலை இருந்தது. அவருக்குப் பிறகு எனக்கு வந்தது.

அந்த இலைக்கு ஒரு விதியும் உண்டு. கண், காது, வாய், கை, கால் என்று உடம்பில் குறை உள்ளவன் அதில் உட்காரக்கூடாது. எங்கள் கொள்ளுத்தாத்தாவின் அண்ணன்தான் முறைப்படி பட்டத்துக்கு உரியவர். குதிரையிலிருந்து விழுந்ததில் அவருக்கு இரண்டு காதும் கேட்காமல் போயிற்று. ஊர் சொல்வது காதில் விழாதவர் ஊர் முன்னால் எப்படி உட்காருவார் என்று பேசி, இலையைத் தம்பிக்குக் கொடுத்துவிட்டார்கள். அந்தத் தம்பியின் வழியில் வந்தவன் நான். அந்த அண்ணனின் வழியில் வந்தவன் என் பங்காளி.

பங்காளிக்கும் எனக்கும் ஒரே வயது. ஒரே பள்ளிக்கூடம், ஒரே பெஞ்சு. ஆனால் பெரியவர்களாக ஆன பிறகு எங்களுக்குள் மாட்டைத் தவிர வேறு பேச்சு இல்லை. அவன் ஹாலோபிளாக் கல் அறுக்கும் களம் வைத்து நன்றாக இருக்கிறான். மாடி வீடு கட்டி, வாசலில் சிமெண்ட் சிங்கம் இரண்டு உட்காரவைத்திருக்கிறான். அந்தச் சிங்கங்கள் என் வீட்டுப் பக்கம் பார்த்துத்தான் உட்கார்ந்திருக்கின்றன. விடியற்காலை ஐந்து மணிக்குப் போன் செய்து, “எரும கத்துது, வந்து பாரு” என்பான். போவேன். ஊசி போடுவேன். அவன் மனைவி காப்பி கொடுப்பார். குடித்துவிட்டு வருவேன். ஆனால் மாசித் திருவிழாவன்று அவன் முதல் வரிசையில், சரியாக என் இலைக்கு எதிரே உட்கார்ந்து, என் வாயையே பார்த்துக்கொண்டிருப்பான். அவன் அப்பாவும் என் அப்பாவின் வாயை அப்படித்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

நாலு வருஷம் முன்பு எனக்கு ஒரு காய்ச்சல் வந்தது. பத்து நாள் படுத்து எழுந்தேன். எழுந்த அன்று, நாக்கு செத்துப்போயிருக்கும் என்று என் மனைவி கருவாட்டுக் குழம்பு வைத்தாள். தெருமுனை வரை மணக்கிற குழம்பு. எனக்கு வெந்நீரில் பிசைந்த சோறு மாதிரி இருந்தது. ஒரு வாரத்தில் சரியாகும் என்றார்கள், ஒரு மாதம் என்றார்கள். சேலத்தில் ஒரு பெரிய டாக்டரைப் பார்த்தேன். நாக்கை இழுத்துப் பார்த்துவிட்டு, “வந்தாலும் வரலாம், வராமலும் போகலாம்” என்றார். நானும் மாட்டுக்காரர்களிடம் இதே வார்த்தையை ஆயிரம் தடவை சொல்லியிருக்கிறேன். அதனால் அதன் அர்த்தம் எனக்கு நன்றாகத் தெரியும். காரம் சுரீர் என்று தெரியும், சூடு தெரியும், இனிப்பு லேசாகத் தெரிந்த மாதிரி இருக்கும். உப்பு மட்டும் சுத்தமாகத் தெரியாது. கல் உப்பை அப்படியே வாயில் போட்டு மென்றாலும் மணலை மென்ற மாதிரிதான்.

உப்புப் பார்க்கும் வம்சத்தில் பிறந்தவனுக்கு வேறு ஏதாவது சீக்கு வந்திருக்கக்கூடாதா? எனக்குச் சிரிப்பும் வந்தது, அழுகையும் வந்தது.

“ஊர்ல சொல்லிடுங்க” என்றாள் மனைவி.

“சொன்னா எலை அவனுக்குப் போயிடும்.”

“போனாப் போவுது. ஒரு வாய் களி. நான் வூட்டுலயே கிண்டித் தர்றன்.”

“உனக்குப் புரியாது.”

அவளுக்குப் புரிந்திருந்தது. எனக்குத்தான் வெளியே சொல்ல வெட்கம். யானையும் நிலமும் போனதில் எனக்கு ஒரு வருத்தமும் இல்லை, நான் அவற்றைப் பார்த்ததே இல்லை. ஆனால் வருஷத்தில் ஒரு மத்தியானம், ஆயிரம் பேர் பசியை அடக்கிக்கொண்டு நான் சொல்லப்போகும் இரண்டு வார்த்தைக்காகக் காத்திருப்பார்கள். மற்ற நாளெல்லாம் நான் ஊசிக்காரன். அந்த ஒரு நாளை விட்டுக்கொடுக்க எனக்கு மனசு வரவில்லை. அதுவும் அந்தச் சிங்கங்களுக்கு.

ஆகவே பொய் சொல்ல ஆரம்பித்தேன். முதல் வருஷம் அம்மன்மேல் பாரத்தைப் போட்டுவிட்டு விழுங்கினேன். களி தொண்டையில் இறங்கியது. “உப்பு சரி” என்றேன். சனம் சாப்பிட்டது, ஒருவரும் முகம் சுளிக்கவில்லை. இரண்டாம் வருஷம் மனைவிக்கே பாவமாக இருந்திருக்க வேண்டும். வெங்காயம் உரிக்கிறேன் என்று சமையல் பக்கம் போய், ஒரு கரண்டி குழம்பை உள்ளங்கையில் விட்டு நக்கிப் பார்த்தாள். சரியாக இருந்தால் மூக்குக் கண்ணாடியை மேலே தள்ளிவிடுவாள், தப்பாக இருந்தால் கழற்றிவிடுவாள். இது நாங்கள் பேசிக்கொண்ட ஜாடை. கண்ணாடி மேலே போனது. அந்த வருஷம் நான் சொன்ன “உப்பு சரி” கோயில் கோபுரத்துக்கே கேட்டிருக்கும்.

மூன்றாவது முறை, போன மாசியில், மாட்டிக்கொண்டோம்.

ஊர்க் களிக்குச் சமையல் பொறுப்பு ஓர் அக்காவுக்கு. ஊரே அவரை அக்கா என்றுதான் கூப்பிடும், அவரைவிடப் பெரியவர்கள்கூட. ஆயிரம் பேருக்கு உப்புப் போட அவருக்கு அளவும் வேண்டாம், தராசும் வேண்டாம். கையாலேயே அள்ளிப் போடுவார். என் மனைவி மறுபடியும் வெங்காயம் உரிக்கப் போய்க் கரண்டியைத் தொட்டதும் அக்கா கையைப் பிடித்துக்கொண்டார்.

“போன வருசமும் பாத்தன். தொரை உப்புப் பாக்கறதுக்கு முன்னால தொரைசானி பாக்கறீங்களா? இத்தன வருசத்துல என் கையில ஒரு கல்லு கூடுச்சா, கொறஞ்சுச்சா? என்மேல என்னுங்க சந்தேகம் ஒங்களுக்கு?”

மனைவி ஏதேதோ சமாதானம் சொல்லிப் பார்த்தாள். அக்கா கேட்கவில்லை. அடுப்படியை விட்டுப் போகச் சொல்லிவிட்டார். மனைவி பந்தலுக்குத் திரும்பி வந்து, கண்ணாடியைத் தள்ளவும் இல்லை, கழற்றவும் இல்லை. தூரத்திலிருந்து இரண்டு கையையும் விரித்துக் காட்டினாள். எனக்கு விஷயம் புரிந்தது. அக்கா கை தப்பாது என்று மனசைத் தேற்றிக்கொண்டு உட்கார்ந்தேன். அங்கே அடுப்படியில் என்ன நடந்தது என்று பிறகுதான் தெரிந்தது. மனைவி வந்துவிட்டுப் போன கோபத்தில் புலம்பிக்கொண்டே அக்கா ஒருமுறை உப்பை அள்ளிப் போட்டிருக்கிறார். அக்கா இருக்கிற கோபத்தில் உப்பை மறந்திருப்பார் என்று அவருடைய தங்கை பேசாமல் இன்னொரு முறை போட்டிருக்கிறார். களித் தண்ணீரிலும் அப்படி, குழம்பிலும் அப்படி.

எனக்கு இலை வந்தது. தலைப்பாகை கொஞ்சம் இறுக்கமாக இருந்தது. கவளத்தைத் தோய்த்து விழுங்கினேன். எதிரே பங்காளி என் வாயைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

“உப்பு சரி!”

மேளம் அடித்தது. சனம் கை வைத்தது.

வழக்கமாக அந்த நேரத்தில் பந்தலில் ஒரே இரைச்சலாக இருக்கும். இன்னொரு உருண்டை, இங்கே குழம்பு, அந்தப் பக்கம் போயிட்டு இந்தப் பக்கம் வராமப் போறியே என்று ஆளாளுக்குக் கத்துவார்கள். அன்று ஒரு சத்தமும் இல்லை. எல்லோரும் தலையைக் குனிந்துகொண்டு, மருந்து சாப்பிடுகிறவர்கள் மாதிரி ஒவ்வொரு கவளமாக விழுங்கினார்கள். கேட்ட ஒரே குரல், “தண்ணி இந்தப் பக்கம் வரட்டும்” என்பதுதான். வத்தல்மலைக்காரர்கள் வரிசையில் ஒரு பெரியவர் ஒரு செம்புத் தண்ணீரை ஒரே மூச்சில் குடித்துவிட்டு, கொஞ்ச நேரம் வானத்தைப் பார்த்தார். பிறகு மறுபடி களியைக் கிள்ளினார்.

மனைவி தண்ணீர்க் குடத்தோடு என் பக்கத்தில் வந்து குனிந்தாள்.

“ஏங்க, என்மேல இருந்த கோவத்துல உப்பு ரெண்டு தரம் வுழுந்திருக்குது. வாயில வைக்க முடியல. அக்கா அடுப்புகிட்ட உக்காந்து அழுவுறாங்க.”

“யாரும் ஒண்ணும் சொல்லலியே?”

“எப்படிச் சொல்லுவாங்க? நீங்கதான் சரின்னுட்டீங்களே.”

ஒரு நிமிஷம் யோசித்தேன், மறைக்காமல் சொல்கிறேன். பேசாமல் இருந்துவிட்டால் ஒன்றும் ஆகாது. சனம் தின்றுவிட்டு, தண்ணீர் குடித்துவிட்டு வீட்டுக்குப் போய்விடும். அம்மன் பிரசாதம் என்று நினைத்துக்கொள்ளும். இலை என்னிடமே இருக்கும். அப்படியே இருந்துவிடலாம் என்றுதான் முடிவு செய்தேன்.

அப்போது எதிரிலிருந்து பங்காளியின் குரல் கேட்டது. “இங்க இன்னொரு உருண்டை வை. கொழம்ப நல்லா ஊத்து, என்ன கஞ்சத்தனம்?”

அவனுக்கு ரத்தக் கொதிப்பு. இரண்டு மாதம் முன்புதான் கல் களத்தில் மயங்கி விழுந்து, தர்மபுரியில் நாலு நாள் ஆஸ்பத்திரியில் கிடந்துவிட்டு வந்தான். உப்பைக் கண்ணாலும் பார்க்கக்கூடாது என்று டாக்டர் சொல்லியிருந்தார். அவன் மனைவிதான் காப்பி கொடுக்கும்போது சொல்லிப் புலம்பினார். இப்போது அந்தம்மா பெண்கள் வரிசையில் பாதி எழுந்து நின்று, புடவைத் தலைப்பை வாயில் அழுத்திக்கொண்டு அவனையே பார்த்துக்கொண்டிருந்தார். அவன் முதல் உருண்டையை முழுசாகத் தின்று முடித்திருந்தான். நெற்றியெல்லாம் வேர்வை. இரண்டாவதில் கை வைத்தான்.

நான் எழுந்தேன். எப்படி அவன் முன்னால் போனேன் என்று தெரியவில்லை. அவன் இலையைப் பிடித்து இழுத்துவிட்டேன்.

எங்கள் பக்கத்தில் ஒருவனை அடித்தால்கூடப் பேசித் தீர்த்துக்கொள்ளலாம். சாப்பிடுகிறவன் இலையை இழுத்தால் மூன்று தலைமுறைக்குப் பேச்சுவார்த்தை இருக்காது. அதுவும் பங்காளி இலையை, ஊர்ப் பந்தலில், அம்மன் முன்னால், தலைப்பாகை கட்டிய நான் இழுத்திருக்கிறேன். அவன் வீட்டு இளவட்டங்கள் நாலு பேர் எச்சில் கையோடு எழுந்தார்கள். பழைய பகை இன்றைக்குத்தான் வெடித்தது என்று எல்லோரும் நினைத்துவிட்டார்கள்.

“தொரை! என்ன காரியம் பண்றீங்க?” என்று ஊர்க்கவுண்டர் கத்தினார். எங்கள் ஊர் நியாயம் பேசுகிறவர் அவர். அவர் என்மேல் குரல் உயர்த்தியது அதுதான் முதல் தடவை.

வேறு வழியில்லை. சொன்னேன். “அவனுக்கு உப்பு ஆகாதுங்க. இதுல உப்பு அள்ளிக் கொட்டியிருக்குது. அக்கா மேல தப்பு இல்ல, அவங்கள நாங்கதான் கோவப்படுத்திட்டோம். எனக்கு நாக்கு செத்துப்போச்சுங்க. காய்ச்சல்ல போனது. மூணு வருசமா எனக்கு உப்பு தெரியாது. மூணு வருசமா உங்ககிட்ட பொய் சொல்லிட்டு இருக்கறன்.”

சொல்லிவிட்டுத் தலைப்பாகையை அவிழ்த்துக் கையில் வைத்துக்கொண்டேன். முகத்தில் தீ வைத்த மாதிரி இருந்தது. யாரையும் பார்க்க முடியவில்லை.

பங்காளி உட்கார்ந்தபடியே கையை உதறினான். “அதுக்கு எலைய இழுப்பியா? வாயால சொல்ல மாட்டியா?”

“உனக்குத் தெரியலியா, உப்பு எப்படி இருக்குதுன்னு?”

“எனக்கென்ன நாக்கு இல்லியா? மொத வாயிலயே தெரிஞ்சுது. ஊரு பூரா உன்னப் பாக்கறதா என்னப் பாக்கறதான்னு முழிக்குது. நான் எந்திரிச்சா அத்தன பேரும் எந்திரிப்பான். அப்பறம் நீ என்ன ஆவ? அதான் இன்னொரு உருண்ட கேட்டன்.”

அவன் நிறுத்தவில்லை.

“உனக்கு நாக்கு இல்லேன்னு எனக்குப் போன வருசமே தெரியும். என் வூட்டுல இவ சர்க்கரைன்னு நெனச்சு உப்பப் போட்டுக் காப்பி குடுத்துட்டா. நீ மடக்கு மடக்குன்னு குடிச்சுட்டு, ‘காப்பி அருமைங்க’ன்னு சொல்லிட்டு வண்டிய எடுத்துட்டுப் போற. நான் ஒரு வாய் குடிச்சுட்டு வாசல்ல துப்புனன்.”

பெண்கள் வரிசையிலிருந்து முதலில் ஒரு சிரிப்பு கிளம்பியது. பிறகு பந்தல் முழுக்கச் சிரித்தது. வத்தல்மலைப் பெரியவருக்குப் புரையேறி, பக்கத்தில் இருந்தவர் அவர் தலையில் தட்டினார். எனக்கும் சிரிப்பு வந்துவிட்டது. வந்த பிறகு நிற்கவில்லை.

“அப்பவே ஊர்ல சொல்லி எலைய வாங்கியிருக்கலாமே?” என்று கேட்டேன்.

“சொல்லலாம்னுதான் கெளம்புனன். ரெண்டு தரம். ரெண்டு தரமும் எதுத்தாப்புல உன் வண்டி வந்துச்சு. எருமைக்கு மடி வீங்கிக் கெடந்துது, உன்னயே கூட்டிட்டுத் திரும்பி வந்துட்டன்.”

ஊர்க்கவுண்டர் தொண்டையைக் கனைத்தார். சிரிப்பு அடங்கியது. விதி விதிதான் என்றார். குறை வந்தவர் உட்காரக்கூடாது, அன்றைக்கு அண்ணனிடமிருந்து தம்பிக்குப் போன இலை இன்றைக்கு அண்ணன் வழிக்குத் திரும்புகிறது, யாருக்காவது ஆட்சேபனை உண்டா என்று கேட்டார். யாருக்கும் இல்லை. எனக்கும் இல்லை. சொல்லப்போனால் அது நியாயம். ஆனால் நியாயமாக இருக்கிறது என்பதற்காக வலிக்காமல் இருக்குமா? தலைப்பாகைத் துணியை ஒருமுறை உதறி மடித்து நீட்டினேன்.

அதற்குள் அக்கா கண்ணைத் துடைத்துக்கொண்டு அண்டா பக்கம் போய்விட்டார். “கொழம்ப என்ன பண்றது, கொட்ட முடியுமா? அவரக்கொட்ட மலையில இருந்து வந்துதுங்க. களிய மட்டும் உப்பே இல்லாம திரும்பக் கிண்டறன். தொட்டுக்கிட்டாச் சரியாப் போயிடும்” என்றார். அடுப்பு மறுபடி எரிந்தது. என் மனைவியைக் கூப்பிட்டுப் பக்கத்தில் நிறுத்தி, கையில் துடுப்பைக் கொடுத்து, “பாருங்க, நல்லாப் பாருங்க, இப்பப் போட்டனா? போடலியே?” என்று கேட்டுக்கேட்டுக் கிண்டவைத்தார். சனம் பழைய இலைகளை எடுத்துப் போட்டுவிட்டு, தண்ணீர் குடித்துக்கொண்டு காத்திருந்தது.

புது இலை போட்டார்கள். கம்பளியை உதறி விரித்தார்கள். பங்காளி தலைப்பாகையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்தான். அவன் தலை பெரிசு, துணி பத்தவில்லை, பின்பக்கம் குடுமி மாதிரி ஒரு முனை நீட்டிக்கொண்டிருந்தது. நான் முதல் வரிசையில், அவன் உட்கார்ந்திருந்த அதே இடத்தில் உட்கார்ந்தேன். அங்கிருந்து பார்த்தால் இலையில் உட்கார்ந்திருப்பவனின் வாய் நன்றாகத் தெரிகிறது. அவனும் அவன் அப்பாவும் இத்தனை வருஷம் எதைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள் என்று அன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்தது.

அவன் ஒரு சின்னக் கவளத்தைக் கிள்ளிக் குழம்பில் லேசாகத் தொட்டு விழுங்கினான். அவன் மனைவி கையைப் பிசைந்துகொண்டு நின்றார். மேளக்காரர் குச்சியைத் தூக்கிப் பிடித்தார். ஆயிரம் பேரும் அவன் வாயைப் பார்த்தார்கள்.

அவன் வாயைத் திறக்கவில்லை.

தலையைத் தூக்கி என்னைக் கூப்பிட்டான்.

“இங்க வா.”

போனேன். கம்பளியில் நகர்ந்து பக்கத்தில் இடம் விட்டான். உட்காரும்போது அவன் தோள் என் தோளில் இடித்தது. பள்ளிக்கூடத்து பெஞ்சை விட்டு வந்த பிறகு நாங்கள் இவ்வளவு பக்கத்தில் உட்கார்ந்ததே இல்லை.

“நான் பாத்துட்டன். நல்லா இருக்குது” என்று என் காதில் சொன்னான். “சத்தமா நீ சொல்லு. இவங்களுக்கு உன் கொரல்தான் பழக்கம். நான் சொன்னா ஒருத்தன் கை வைக்க மாட்டான்.”

“எலை உன்னுது.”

“தெரியும். சொல்லு.”

ஊர்க்கவுண்டரைப் பார்த்தேன். அவர் எங்களைப் பார்க்காதவர் மாதிரி மேளக்காரரைப் பார்த்துக்கொண்டு நின்றார். நான் வாயைத் திறந்தேன். இத்தனை வருஷம் பொய்யை அத்தனை சத்தமாகச் சொன்ன வாயில், நிஜத்தைச் சொல்லக் காற்றுகூட வரவில்லை. இரண்டாம் முறை முயன்றேன். அப்போதும் வரவில்லை.

“ஏங்க!” என்று அடுப்படியிலிருந்து என் மனைவி துடுப்போடு கத்தினாள். “சொல்லித் தொலைங்க! புள்ளைங்க எல்லாம் பசியில கெடக்குதுங்க!”

சொன்னேன். என் குரல் எனக்கே கேட்கவில்லை. ஆனால் எல்லோரும் இலையில் கை வைத்துவிட்டார்கள்.